யாருக்குக் கொடுப்பது வாடகை?

அடையாறு

அன்புள்ள மருமாளுக்கு,

நீ குடியிருக்கும் மயிலாப்பூர் வீட்டின் சொந்தக்காரர் காலமான துக்கம் ஆறுவதற்கு முன்பே, அவருடைய மூத்த குமாரர் தியாகராய நகரிலிருந்து வந்து, தகப்பனார் தமக்கே உயில் எழுதி வைத்திருப்பதாகவும் இனி வாடகையைத் தம் பாங்குக் கணக்கில்தான் கட்டவேண்டும் என்றும் சொல்லிவிட்டுப் போனதையும், அடுத்த வாரமே அவருடைய சகோதரி, உயிலே பொய்யென்றும் தமக்கும் சமபாகம் உண்டென்றும் தம்மைக் கேளாமல் அண்ணனுக்கு வாடகை கொடுத்தால் அந்தத் தொகையை உன்னிடமே மறுபடி வசூலிக்க நேரிடும் என்றும் வக்கீல் நோட்டீஸ் அனுப்பியதையும் விவரமாக எழுதியிருந்தாய். “இவர்களுக்குள் ஒரு முடிவு வரட்டும், அதுவரை மாதாமாதம் பணத்தைத் தனியாக எடுத்து வைத்துவிடுகிறேன்” என்று நீ முடித்திருந்த அந்தக் கடைசி வாக்கியத்துக்காகத்தான் வேறு வேலையை ஒதுக்கிவிட்டு இதை எழுத உட்கார்ந்தேன். அப்படிச் செய்யாதே, அம்மா.

உன் எண்ணத்தில் கபடம் இல்லை என்பது எனக்குத் தெரியும். ஆனால் சட்டம் குடித்தனக்காரனிடம் கேட்கும் கேள்வி, “உன்னிடம் பணம் இருந்ததா?” என்பதல்ல, “உரிய தேதியில் அந்தப் பணம் உன் கையை விட்டு உரிய இடத்துக்குப் போயிற்றா?” என்பதே. நான் வக்கீல் தொழிலில் இருந்த காலத்தில், மாடவீதியை ஒட்டிய சந்தொன்றில் குடியிருந்த ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர் ஒருவர், இதே போன்ற வாரிசுத் தகராறில், ஒவ்வொரு மாத வாடகையையும் ஒரு பழுப்பு உறையில் போட்டு, மேலே மாதத்தின் பெயரைத் தம் அழகான கையெழுத்தில் எழுதி, பீரோவில் பூட்டி வைத்திருந்தார். ஒரு ரூபாயைக்கூட அவர் தொட்டதில்லை. ஆயினும் வாரிசுகளில் ஒருவர் பாக்கியைக் கேட்டு நோட்டீஸ் விட்டபோது, யாருக்குப் பதில் எழுதினாலும் மற்றவருக்கு மனஸ்தாபம் ஏற்படுமே என்று அவர் மௌனமாக இருந்துவிட்டார். அக்காலத்தில் அமலிலிருந்த 1960-ஆம் வருஷத்துக் கட்டிட (குத்தகை மற்றும் வாடகைக் கட்டுப்பாடு) சட்டத்தின்படி, வீட்டுக்காரர் பாக்கியைக் கேட்டு இரண்டு மாத நோட்டீஸ் கொடுத்த பிறகும் செலுத்தாமலிருப்பது வேண்டுமென்றே செய்த தவறாகக் கொள்ளப்படும். 1985-இல் உச்சநீதிமன்றம் சுந்தரம் பிள்ளை வழக்கில் இந்த விஷயத்தை விரிவாக ஆராய்ந்து, வெறும் தாமதத்துக்கும் மனமறிந்து செலுத்தாமலிருப்பதற்கும் உள்ள பேதத்தை விளக்கியிருக்கிறது. ஆனால் நோட்டீஸுக்குப் பிறகும் வாளாவிருப்பவனுக்கு அந்தப் பேதம் பெரும்பாலும் கைகொடுப்பதில்லை. உறைகளை அப்படியே கொண்டுவந்து மேஜைமேல் அடுக்கிய அந்தப் பெரியவர், நாணயத்துக்குச் சாட்சி இவ்வளவு இருந்தும் வீட்டை இழந்தார்.

ஆகவே நீ முதலில் மனத்தில் பதிய வைத்துக்கொள்ள வேண்டியது இது: வீட்டுக்காரர் யார் என்பதில் ஏற்படும் சந்தேகம், வாடகை கொடுக்கவேண்டிய கடமையை ஒரு மாதம்கூட ஒத்தி வைப்பதில்லை. அந்தச் சந்தேகத்தை நீயே தீர்த்து, அண்ணன் பக்கம் நியாயம் என்றோ தங்கை பக்கம் நியாயம் என்றோ முடிவு கட்டி ஒருவருக்குக் கொடுப்பதும் உன் வேலை அல்ல. இரண்டுக்கும் நடுவில், பணத்தை உன்னிடமும் வைத்துக்கொள்ளாமல், தகராறு செய்கிறவர்களில் ஒருவரிடமும் கொடாமல், பொதுவான ஓர் அதிகாரத்தின் முன் கட்டிவிடுவதற்குச் சட்டம் ஒரு வழி வைத்திருக்கிறது.

நம் பக்கத்தில் இத்தகைய விவகாரம் ஏன் இவ்வளவு அடிக்கடி எழுகிறது என்று யோசித்தால் காரணம் விளங்கும். மயிலாப்பூரில் கோயிலைச் சுற்றியுள்ள பழைய வீடுகள் பல தலைமுறைகளைக் கண்டவை. பழைய ஏரியைத் தூர்த்து 1920-களில் எழுந்த தியாகராய நகரிலும், நாடு சுதந்திரமடைந்ததை ஒட்டிய வருஷங்களில் கூட்டுறவுச் சங்க முயற்சியால் அமைந்த அடையாற்றுக் காந்தி நகரிலும், மனை வாங்கி வீடு கட்டியவர்கள் காலமாகி, அவர்கள் பிள்ளைகளும் முதுமையடைந்து, பேரப்பிள்ளைகள் கலிபோர்னியாவிலும் சிங்கப்பூரிலும் இருக்கிறார்கள். வாய்மொழியாகவே பாகம் பிரித்துக்கொண்ட குடும்பங்களும், பட்டா தாத்தா பெயரிலும் சொத்துவரி ரசீது பெரியப்பா பெயரிலும் மின்சார அட்டை வேறொருவர் பெயரிலும் இருக்க, வாடகையை மட்டும் கூட இருந்து பார்த்துக்கொண்ட மகன் வாங்கிவந்த குடும்பங்களும் ஏராளம். தகப்பனார் சுயமாகச் சம்பாதித்த சொத்தில், உயில் இல்லாவிட்டால், பெண்ணுக்கும் ஆணுக்கும் சமபாகம் என்பது 1956-ஆம் வருஷத்து இந்து வாரிசுரிமைச் சட்டத்திலேயே இருக்கிறது. பூர்வீகச் சொத்திலும் பெண்களுக்குப் பங்கு என்பதைத் தமிழ்நாடு 1989-லும் மத்திய அரசு 2005-லும் சட்டமாக்கின. பெண்கள் தங்கள் பாகத்தைக் கேட்பது இன்று சகஜம், நியாயமும்கூட. இதோடு உயில் ஒன்று தலைகாட்டினால் விவகாரம் நீள்கிறது. சென்னை நகரத்துச் சொத்தைப் பற்றிய உயிலுக்கு உயர்நீதிமன்றத்தில் புரோபேட், அதாவது உயில் மெய்யென்ற சான்று, பெறவேண்டும் என்பது 2025 வரை நெடுங்கால விதியாக இருந்தது. புரோபேட் கேட்டுப் போடும் மனுவை ஒருவர் ஆட்சேபித்தால் அது முழு வழக்காகவே மாறிவிடும். அது முடிய எத்தனை வருஷம் ஆகும் என்பதை அந்தப் பாரிமுனைக் கட்டிடத்தின் தாழ்வாரங்களில் காத்திருந்தவர்கள் அறிவார்கள். “முடிவு வரட்டும்” என்று நீ எழுதிய அந்த முடிவு அடுத்த தீபாவளிக்கு வந்துவிடும் என்று எண்ணாதே.

வாடகையைக் கோர்ட்டில் கட்டும் வழி நேற்று ஏற்பட்டதல்ல. யுத்த காலத்தில், 1941-இல், சென்னையில் வீட்டு வாடகைக் கட்டுப்பாட்டு உத்தரவு வந்தது. பின்னர் 1946-லும் 1949-லும் தனிச் சட்டங்கள் வந்தன. அவற்றின் தொடர்ச்சியே 1960-ஆம் வருஷத்துச் சட்டம். அதன் 8-ஆவது பிரிவும் 9-ஆவது பிரிவும் இரண்டு வெவ்வேறு கஷ்டங்களுக்குப் பரிகாரம் சொல்லின. வீட்டுக்காரர் இன்னார் என்பது நிச்சயம், ஆனால் அவர் வாடகையை வாங்க மறுக்கிறார் என்றால், அது 8-ஆவது பிரிவின் விஷயம்: வாடகை கட்ட ஒரு பாங்கைக் குறிப்பிடும்படி முதலில் எழுத்து மூலம் கேட்கவேண்டும், பத்து நாளில் அவர் குறிப்பிடாவிட்டால் கமிஷனைக் கழித்துக்கொண்டு மணியார்டரில் அனுப்பவேண்டும், அதையும் மறுத்துத் திருப்பினால்தான் வாடகைக் கட்டுப்பாட்டு அதிகாரியின் முன் மனுப்போட்டுக் கட்டலாம். வாங்கத் தயாராகப் பலர் நிற்கிறார்கள், அவர்களில் உரியவர் யார் என்பதில்தான் நேர்மையான சந்தேகம் என்றால், அது 9-ஆவது பிரிவின் விஷயம்: சந்தேகம் எழுந்த சந்தர்ப்பத்தை அதிகாரிக்குத் தெரிவித்து வாடகையைக் கட்டி, தகுதியுள்ள நீதிமன்றம் தீர்க்கும்வரையிலோ அவர்களே சமாதானமாகும்வரையிலோ தொடர்ந்து கட்டிவரலாம். அந்த அதிகாரி வீடு யாருடையது என்று நிர்ணயம் செய்யமாட்டார். சந்தேகம் மெய்யானதுதானா என்று மட்டும் பார்ப்பார். மெய்யல்ல என்று அவருக்குத் தோன்றினால் பணத்தை உரியவரிடம் கொடுக்கும்படி உத்தரவிட்டுவிடுவார்.

இந்த இரு பிரிவுகளும் இரண்டு வாசல்கள் போன்றவை; ஒரு வாசலுக்குரிய வழியில் மற்றொன்றுக்குள் நுழைய முடியாது. ஒவ்வொரு வாசலுக்குமுரிய படிகளையும் தாண்டிக் குதிக்க முடியாது. 2002-இல் உச்சநீதிமன்றம் தீர்த்த பழனிசாமி வழக்கு தமிழ்நாட்டிலிருந்து போனது. வீட்டுக்காரர் வாடகையை மறுத்தார் என்பதற்காக, பாங்கைக் கேட்கும் நோட்டீஸும் மணியார்டரும் இல்லாமல் குடித்தனக்காரர் நேராகப் பணத்தைக் கட்டும் மனுவைப் போட்டுவிட்டார். பணம் கட்டியது உண்மை; ஆனால் சட்டம் வகுத்த முறையில் கட்டாத பணம் கட்டாத பணமே என்றும், குடித்தனக்காரருக்குச் சட்டம் தரும் பாதுகாப்பை அனுபவிக்க விரும்புகிறவர் அதன் நிபந்தனைகளைக் கண்டிப்பாக அனுசரிக்கவேண்டும் என்றும் நீதிமன்றம் கூறியது. இந்தத் தீர்ப்பு கடுமையானது என்று வருந்துகிறவர்கள் உண்டு; எனக்கு அது சரியென்றே படுகிறது. மாதாந்தர வாடகையே ஜீவனோபாயமாக உள்ள விதவைகளும் வயோதிகர்களும் வீட்டுக்காரர்களிலும் இருக்கிறார்கள். கோர்ட்டில் கட்டிய பணத்தை எடுக்க அவர்கள் அலைய நேரும்போது, அந்த அலைச்சலை அவர்கள்மீது சுமத்தும் குடித்தனக்காரர் தம் பங்குக்குச் சில படிகளையாவது ஏறவேண்டாமா?

1960-ஆம் வருஷத்துச் சட்டம் இப்போது இல்லை. வீட்டுச் சொந்தக்காரர் மற்றும் வாடகைதாரர்களின் உரிமைகளையும் பொறுப்புகளையும் முறைப்படுத்தும் 2017-ஆம் வருஷத்துத் தமிழ்நாடு சட்டம் 2019 பிப்ரவரி 22 முதல் அமலுக்கு வந்து அதன் இடத்தைப் பிடித்துக்கொண்டது. உன் வாடகை ஒப்பந்தம் எழுத்தில் இருப்பதும், பதிவு எண் வாங்கியிருப்பதும் இந்தச் சட்டத்தினால்தான். இதன்படி துணை ஆட்சியர் பதவிக்குக் குறையாத அதிகாரி ஒருவர் வாடகை அதிகாரியாக இருக்கிறார். அவருக்கு மேல் வாடகை நீதிமன்றமும் தீர்ப்பாயமும் உண்டு. பழைய இரு வாசல்களும் புதிய வீட்டிலும் இருக்கின்றன. வாங்க மறுக்கும் வீட்டுக்காரருக்கு இரண்டு மாதம் தொடர்ந்து மணியார்டரிலோ வேறு முறையிலோ அனுப்பிப் பார்த்துவிட்டு வாடகை அதிகாரியிடம் கட்டவேண்டும். குடியிருப்புக் காலத்தில் வாடகை யாருக்குச் சேரவேண்டும் என்று குடித்தனக்காரரால் தீர்மானிக்க இயலாமற் போனாலோ, விதிகள் வகுத்த முறையில் அந்த அதிகாரியிடமே கட்டிவிடலாம். அவர் விசாரித்து உத்தரவிடுவார். உன்னுடையது இந்த இரண்டாவது வகை. இரண்டு மாத வாடகை பாக்கி விழுந்து, கேட்பு நோட்டீஸ் வந்த ஒரு மாதத்துக்குள்ளும் செலுத்தாவிட்டால் வெளியேற்றக் கேட்கும் உரிமையை இந்தச் சட்டமும் வீட்டுக்காரருக்குத் தருகிறது என்பதால், உனக்குள்ள அவகாசம் குறைவு.

வாடகை அதிகாரியைத் தவிர இன்னொரு வழியும் கேள்விப்பட்டிருப்பாய். ஒரே பணத்தை இருவர் கேட்க, தனக்கு அதில் பாத்தியதை ஏதும் கோராத மூன்றாமவர் இருவரையும் பிரதிவாதிகளாகச் சேர்த்து, “இவர்களில் யாருக்குக் கொடுப்பது என்று கோர்ட்டே சொல்லட்டும்” என்று பணத்தைக் கட்டிப் போடும் வழக்கு அது. சிவில் நடைமுறைச் சட்டத்தின் 88-ஆவது பிரிவு அதற்கு இடம் தருகிறது. ஆனால் குடித்தனக்காரர் தம் வீட்டுக்காரரை இத்தகைய வழக்கில் இழுக்கக்கூடாது என்பது அதே சட்டத்தின் 35-ஆவது கட்டளையிலுள்ள விதி. போட்டியிடுகிறவர்கள் அந்த வீட்டுக்காரர் மூலமாகவே உரிமை கொண்டாடுகிறவர்களாக இருந்தால் மட்டும் இதற்கு விலக்கு. உன் விஷயத்தில் அண்ணனும் தங்கையும் காலஞ்சென்ற தகப்பனார் வழியாகவே கேட்கிறார்கள்; ஆகையால் கதவு திறந்திருக்கிறது. மாறாக, மனை கோயிலுடையது, மேலே கட்டிடம் மட்டும் வேறொருவருடையது என்ற நிலை மயிலாப்பூரில் அபூர்வமல்ல. அங்கே கோயில் நிர்வாகம் தன் சொந்த உரிமையில் குடித்தனக்காரரிடம் நேராகக் கேட்கும்போது, அந்தக் கதவு அடைபட்டுவிடும். அத்தகைய வீட்டில் குடியிருப்பவர் வக்கீலைப் பாராமல் ஒரு கடிதம்கூட எழுதக்கூடாது.

கடிதம் எழுதுவதிலும் ஜாக்கிரதை தேவை. இதைச் சற்று நிதானமாகப் படி. ஒரு வீட்டில் குடி வந்தவர், குடி வரும்போது தம்மைக் குடிவைத்தவருக்கு அந்த வீட்டில் உரிமை இருந்தது என்பதைப் பின்னால் மறுக்கக்கூடாது என்பது சாட்சியச் சட்டத்தின் பழைய விதி. 1872-ஆம் வருஷத்துச் சட்டத்தில் 116-ஆவது பிரிவாக இருந்தது, 2024 ஜூலை முதல் அமலிலுள்ள புதிய சட்டத்தில் 122-ஆவது பிரிவாக அப்படியே தொடர்கிறது. வீட்டுக்காரரின் உரிமையை நேர்மையின்றி மறுப்பதையே காலி செய்ய வைக்கும் காரணமாகப் பழைய வாடகைச் சட்டம் வைத்திருந்தது. ஆகையால், கோபத்திலோ அவசரத்திலோ “நீங்கள் வீட்டுக்காரர் அல்ல, உங்களுக்கு ஏன் வாடகை?” என்று அண்ணனுக்கு ஒரு வரி எழுதிவிட்டாயானால், அது பிற்காலத்தில் உனக்கு விரோதமாகத் தாக்கல் செய்யப்படும் முதல் ஆவணமாகிவிடும். ஆனால் சாட்சியச் சட்டத்தின் விதி பேசுவதோ குடி வந்த சமயத்தைப் பற்றி மட்டுமே. அதன்பிறகு மரணத்தாலோ விற்பனையாலோ அந்த உரிமை யாரிடம் போயிற்று என்று கேட்பதை அது தடுக்கவில்லை. இந்த நுட்பத்தை விடாமல் பிடித்துக்கொண்டு எழுதவேண்டும். “உங்கள் தகப்பனாரின் உரிமையை நான் முழுமையாக ஒப்புக்கொள்கிறேன். அவர் காலமான செய்தி அறிந்து வருந்துகிறேன். இன்ன தேதியில் நீங்களும், இன்ன தேதியில் உங்கள் சகோதரியும் வாடகையைக் கேட்டிருக்கிறீர்கள். உங்களில் எவருடைய உரிமையையும் நான் மறுக்கவில்லை. யாருக்குக் கொடுத்தால் என் கடன் தீரும் என்பதை அறிய எனக்கு வழியில்லாததால், நீங்கள் இருவரும் சேர்ந்து கையெழுத்திட்டு ஒரு பெயரைத் தெரிவித்தால் அவருக்கே செலுத்துகிறேன். பத்து நாளில் அப்படித் தெரிவிக்காவிட்டால் வாடகை அதிகாரியிடம் கட்டிவருவேன்” என்ற கருத்துக்கள் அதில் வரவேண்டும். ஒரே வாசகத்தை இருவருக்கும், ஒரே நாளில், ஒப்புகையுடன் ஸ்பீட் போஸ்டில் அனுப்பு. ஒருவருக்கு ஒருவிதமாகவும் மற்றவருக்கு வேறுவிதமாகவும் எழுதினால், நீ நடுநிலையில் நிற்கவில்லை என்பதற்கு நீயே ருசு கொடுத்தவளாவாய்.

தங்கையின் நோட்டீஸ் வருமுன் அண்ணன் கணக்கில் ஒரு மாத வாடகை கட்டிவிட்டதாக எழுதியிருந்தாயே, அதைப் பற்றிக் கலங்கவேண்டாம். 1882-ஆம் வருஷத்துச் சொத்து மாற்றுச் சட்டத்தின் 50-ஆவது பிரிவு, உரிமை கைமாறியதை அறியாமல் நல்லெண்ணத்தோடு தன் வீட்டுக்காரருக்கு வாடகை கொடுத்தவரை மறுபடியும் கொடுக்கச் சொல்லக்கூடாது என்கிறது. அதற்கு அது காட்டும் உதாரணம், ஐம்பது ரூபாய்க்குக் குத்தகை விட்ட ஒரு வயலைப் பற்றியது. உன் சங்கதி முழுக்க அந்த உதாரணத்தைப் போன்றதல்ல. ஆனாலும், தகராறு இருப்பதே தெரியாத நிலையில், கூட இருந்து பார்த்துவந்த மகனுக்குக் கொடுத்தது நல்லெண்ணத்தோடுதான் என்று சொல்ல உனக்கு இடமிருக்கிறது. நோட்டீஸ் கைக்கு வந்த தினத்திலிருந்து அந்த நல்லெண்ணத்துக்கு இடமில்லை. அந்த உறையையும் அதன் தபால் முத்திரையையும் பத்திரப்படுத்து.

பிற தேசங்களிலும் இந்தச் சங்கடத்துக்கு இதே போன்ற பரிகாரம்தான் கண்டிருக்கிறார்கள். இலங்கையில் 1972-ஆம் வருஷத்து வாடகைச் சட்டத்தின் கீழ்க் குடித்தனக்காரர்கள் உள்ளூராட்சிச் சபை வழியாக வாடகையைக் கட்டும் வசதி உண்டு. ஜப்பானில் வாங்கவேண்டியவர் மறுத்தாலும், உரியவர் யாரென்று கடனாளியின் தவறின்றித் தெரியாமற் போனாலும், அரசாங்க அலுவலகத்தில் பணத்தைக் கட்டிக் கடனிலிருந்து விடுபடலாம் என்று சிவில் சட்டமே சொல்கிறது. நேர்மையான கடனாளியைப் பிறர் சண்டையின் நடுவில் தவிக்க விடக்கூடாது என்று எங்கும் நினைத்திருக்கிறார்கள்.

ஆனால் இந்த வசதியைத் துஷ்பிரயோகம் செய்கிறவர்களையும் நான் நிறையப் பார்த்திருக்கிறேன். அண்ணன் தம்பிக்குள் சிறு மனக்கசப்பு என்று தெரிந்தவுடனே, அதை ஊதிப் பெரிதாக்கி, “யாருக்குக் கொடுப்பதென்றே தெரியவில்லை” என்று மனுப்போட்டுச் சந்தை வாடகையில் பாதிக்குக் காலம் தள்ளும் குடித்தனக்காரர்கள் உண்டு. அது அக்கிரமம். உன் சந்தேகம் மெய்யானதா என்று முதலில் நீயே சோதித்துப் பார்க்கவேண்டும். புரோபேட் உத்தரவையோ, பதிவான தானசாசனத்தையோ, வாரிசுகள் யாவரும் கையெழுத்திட்ட கடிதத்தையோ ஒருவர் கொண்டுவந்து காட்டினால் சந்தேகத்துக்கு அப்புறம் இடமில்லை. மறுநாளே அவருக்குக் கொடுக்கவேண்டியதுதான். தாசில்தார் தரும் வாரிசுச் சான்றிதழை மட்டும் காட்டினால், வாரிசுகள் யார் யார் என்பதுதான் அதில் இருக்கும். உயில் மெய்யா பொய்யா என்பது இராது. சார்பதிவாளர் அலுவலகத்து வில்லங்கச் சான்றிதழை நீயும் எடுத்துப் பார்க்கலாம். ஆனால் பதிவு செய்யாத உயிலும் வாய்மொழிப் பாகமும் அதில் ஏறியிரா என்பதை நினைவில் வை.

தகராறு நடக்கும்போது உன்னைத் தம் பக்கம் இழுக்க யாராவது முயலுவார்கள். “வாடகையில் இரண்டாயிரம் குறைத்துக்கொள்ளுங்கள், என் பெயரில் புது ஒப்பந்தம் போடுவோம்” என்று நயமாகச் சொல்வார்கள். கையெழுத்திடாதே, இட்டால் அவரையே வீட்டுக்காரராக நீ ஏற்றுக்கொண்டதாகிவிடும். “அட்வான்ஸில் கழித்துக்கொள்ளட்டும்” என்று நீயாகவும் நினைத்துவிடாதே. அட்வான்ஸ் காலஞ்சென்றவரிடம் கொடுத்தது, அதற்கு வாரிசுகள் பொறுப்பு, கணக்கு வீடு காலி செய்யும் நாளில் பார்த்துக்கொள்ளவேண்டியது. மின்சாரக் கட்டணத்தை வழக்கம்போல நீயே கட்டிவா. மோட்டார் பழுதானால் இருவருக்கும் ஒருசேர எழுதிவிட்டுச் செலவு செய்து, ரசீதை வைத்துக்கொள்.

வாடகை அதிகாரியின் அலுவலகத்துக்குப் போகும்போது, ஒப்பந்தம், பதிவு எண், இதுவரை கட்டிய வாடகைக்கான பாங்குக் கணக்கின் நகல், இறப்பைப் பற்றி நீ அறிந்த விவரம், அண்ணன் அனுப்பிய குறுஞ்செய்திகளின் அச்சுப் பிரதி, தங்கையின் நோட்டீஸ், உன் இரு கடிதங்கள், தபால் ஒப்புகைகள் ஆகிய யாவற்றையும் தேதி வரிசையில் அடுக்கிக் கொண்டு போ. மனுவில் இருவர் பெயரையும் விலாசத்தையும் சேர்க்கத் தவறாதே. ஒருவரை விட்டுவிட்டால் விட்டுப்போனவர் பின்னால் வந்து, தமக்குத் தெரியாமல் நடந்த காரியம் தம்மைக் கட்டுப்படுத்தாது என்பார். முதல் மாதம் கட்டியதோடு நின்றுவிடவும் கூடாது. ஒவ்வொரு மாதமும், ஒப்பந்தத்தில் குறித்த தேதிக்கு முன்பாகவே, கட்டிக்கொண்டே போகவேண்டும். ஊருக்குப் போவதானால் முன்கூட்டியே கட்டிவிட்டுப் போ. ஒவ்வொரு முறையும் இருவருக்கும் ஒரு வரி தெரிவித்துவிடு. பணத்தை எடுத்துக்கொள்ளும் உரிமை பிறகு யாருக்குத் தீர்கிறதோ அவர் அங்கேயே மனுச் செய்து எடுத்துக்கொள்வார். அதைப் பற்றி உனக்குக் கவலை வேண்டாம். தீர்ப்பு வந்ததும் அதன் நகலைக் கேட்டு வாங்கி, வெற்றி பெற்றவருக்கு அடுத்த மாத வாடகையை நேரில் கட்டத் தொடங்கி, பழைய அட்வான்ஸ் தொகையைக் குறிப்பிட்டுப் புது ஒப்பந்தம் எழுதி வாங்கிக்கொள்.

வரும் சனிக்கிழமை காகிதங்களுடன் வா. கடிதத்தின் நகலை இருவருமாக எழுதிவிடுவோம். இந்த மாத வாடகைக்கு இன்னும் நாள் இருக்கிறது.

இப்படிக்கு,
உன் மாமா